பாதியில் நின்ற பாட்டு

சுவிற்சர்லாந்தின் மொன்ட்ரூ நகரில், ஜெனீவா ஏரிக்கரையிலே, ஒரு கரத்தை வானோக்கி உயர்த்தி நிற்கும் வெண்கலச் சிலையொன்று உளது. 1996 ஆம் ஆண்டில் திறந்து வைக்கப்பெற்ற அச்சிலைக்கு உரியவர் பிரெடி மேர்க்கூரி என்னும் பாடகர். குயீன் என்னும் ஆங்கில றொக் இசைக்குழுவின் தலைமைக் குரலாக விளங்கிய அவர், தம் வாழ்நாளின் இறுதிப் பாட்டைப் பாடியதும் அந்நகரிலேதான்.

பெயர் ஆங்கிலப் பெயராயினும் பிறப்பு அஃதன்று. 1946 ஆம் ஆண்டு செப்டெம்பர் 5 ஆம் நாள், ஆபிரிக்காவின் கீழ்க்கரையை அடுத்த சன்சிபார்த் தீவிலே, குசராத்தைப் பூர்வீகமாகக் கொண்ட பார்சிக் குடும்பமொன்றில் அவர் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் பரோக் புல்சாரா. எட்டு வயதிலே கடல் கடந்து, இந்தியாவின் பஞ்சகனி மலையூரிலுள்ள விடுதிப் பள்ளிக்கு அனுப்பப்பட்டார். விடுதிப் பிள்ளைகளோடு பழகிய ஆசிரியர் எவரும் அப்பருவத்துத் தனிமையை அறிவர். பியானோ வாசிக்கப் பயின்றதும், தோழரைச் சேர்த்துச் சிறு குழு அமைத்துப் பாடியதும் அங்கேதான்.

1964 ஆம் ஆண்டில் சன்சிபாரிலே புரட்சி மூண்டது. குடும்பத்தினர் இங்கிலாந்து சென்று குடியேறினர். ஆங்கே ஓவியக் கலை பயின்ற பிரெடி, 1970 ஆம் ஆண்டில் பிறயன் மே, றோஜர் ரெய்லர் என்னும் இருவரோடு குயீன் குழுவைத் தோற்றுவித்தார். மறுவருடம் ஜோன் டீக்கன் நால்வராமவராய் வந்து சேர்ந்தார். 1975 ஆம் ஆண்டில் பிரெடி இயற்றிய பொஹீமியன் றப்சொடி என்னும் நெடும்பாட்டு, பிரித்தானியாவில் ஒன்பது வாரம் முதலிடத்தில் நின்றது. இத்தகைய இசையின் பேரோசை என் செவிக்கு எளிதில் இசைவதன்று; எனினும் அக்குரலின் வீச்சை மறுத்தற்கில்லை.

1987 ஆம் ஆண்டில் அவருக்கு எயிட்ஸ் நோய் உள்ளமை தெரியவந்தது. அந்நோயை அடக்கியாளும் கூட்டு மருந்து முறை 1996 அளவிலேயே வழக்கிற்கு வந்தது. தமக்கு எஞ்சிய காலம் சிறிதென்பதை உணர்ந்த அவர், அழுது புலம்பாது வேலையை விரைவுபடுத்தினார். 1991 தொடக்கத்தில் இன்னுவெண்டோ என்னும் இசைத்தட்டு வெளிவந்தது. அதன் பின்னரும் மொன்ட்ரூவிலே குழுவினருக்குச் சொந்தமான ஒலிப்பதிவு நிலையத்துக்குச் சென்று, எழுதித் தருவனவற்றையெல்லாம் தாம் பாடி வைப்பதாகவும், பின்னர் அவர்களே முடித்துக்கொள்ளலாமெனவும் தோழர்க்குக் கூறினார். அப்போது அவருக்கு நிற்றலும் அரிதாயிருந்தது. மதர் லவ் என்னும் பாட்டு, வாழ்ந்து களைத்த ஒருவன் தாயின் அரவணைப்பை நாடுவது. பிறயன் மே அடி அடியாக எழுதிக் கொடுக்க, பிரெடி அவ்வப்போதே பாடிப் பதிவு செய்தார். இறுதிப் பகுதிக்கு வந்ததும் இளைப்பு மேலிட, பிறகு வந்து முடிப்பதாகச் சொல்லிச் சென்றார். மீண்டு வந்தாரல்லர்.

1991 நவம்பர் 23 ஆம் நாள் தம் நோயை உலகறியச் செய்தார். மறுநாள் இலண்டனில் உயிர் நீத்தார். வயது 45. ஈமக் கிரியைகளைச் சராத்துஸ்திர சமய குருமார் நடத்தினர்.

எஞ்சிய மூவரும் உழைத்து, 1995 நவம்பரில் மேட் இன் ஹெவின் என்னும் இசைத்தட்டை வெளியிட்டனர். பிரெடியின் குரலை முதன்மையாகக் கொண்டு குயீன் வெளியிட்ட இறுதித் தட்டு அது. பாணபட்டர் முடியாது விட்ட காதம்பரியை மகன் முடித்த கதை ஈண்டு நினைவிற்கு வருகின்றது. ஆயினும் இத்தட்டிலுள்ளவை யாவும் இறுதிக் காலத்தன அல்ல. 1985 ஆம் ஆண்டில் பிரெடி தனியே வெளியிட்ட தட்டிலிருந்து இரு பாடல்கள் எடுக்கப்பட்டுப் புதிய வாத்தியங்களோடு சேர்க்கப்பட்டன. அவற்றை ஒட்டு வேலையென்று குறை கூறுவார் கூறுக. மதர் லவ் பாட்டிலோ ஒட்டு மறைக்கப்படவில்லை. இறுதிப் பகுதி வரும்போது பிரெடியின் குரல் நின்றுவிட, பிறயன் மேயின் மெல்லிய குரல் அவ்விடத்தைத் தாங்குகின்றது. பாட்டின் முடிவில் ஒரு குழந்தையின் அழுகுரல் கேட்கின்றது.

தாயார் ஜெர் புல்சாரா அம்மையார், மகனுக்குப் பின் கால் நூற்றாண்டு வாழ்ந்து, 2016 ஆம் ஆண்டு நவம்பரில் மறைந்தார்.