அப்பா பாதியில விட்ட வர்ணம்



போன செமஸ்டர் லீவுல ஹாஸ்டல் ரூம்ல உட்கார்ந்து நாலு பேரா ஒரு படம் பார்த்தோம். 1984-ல வந்த 'அமதேயஸ்'. மிலோஷ் ஃபோர்மன் இயக்கி, எட்டு ஆஸ்கர் வாங்கிய படம். மோட்சார்ட்டோட கதை. நீங்களும் பார்த்திருக்கலாம். கடைசி அரை மணி நேரம் மறக்கவே முடியாது. மோட்சார்ட் சாகக் கிடக்கிறார். இறந்தவர்களுக்காகப் பாடும் 'ரெக்வியம்' என்ற இசையைப் பாதி எழுதியிருக்கார். அவர் மேல பொறாமை பிடிச்ச சாலியேரி பக்கத்துல உட்கார்ந்து, அவர் சொல்லச் சொல்ல எழுதுறார். எழுதி முடிக்கிறதுக்குள்ள உயிர் போயிடுது.

படம் முடிஞ்சதும் நான் தேடிப் படிச்சேன். அந்தக் காட்சி நடக்கவே இல்லையாம். ரெக்வியத்தை எழுதச் சொல்லி ரகசியமா ஆள் அனுப்பியது வால்செக் என்ற ஒரு பிரபு. இறந்துபோன தன் மனைவிக்காகக் கேட்டவர், அதைத் தானே எழுதினதா காட்டிக்க நினைச்சார். 1791 டிசம்பர் 5-ம் தேதி மோட்சார்ட் இறந்தபோது வயசு 35. மீதிப் பணம் வேணும்னா வேலை முடியணும். அதனால அவர் மனைவி கான்ஸ்டன்சே வேற ஆட்களைத் தேடினார். கடைசியில மோட்சார்ட்டோட இருந்த சூஸ்மையர் என்ற இளைஞர் முடிச்சுக் கொடுத்தார். அவர் கையெழுத்து மோட்சார்ட் கையெழுத்து மாதிரியே இருக்கும். எது மோட்சார்ட், எது சூஸ்மையர்னு இருநூறு வருஷத்துக்கு மேலாகியும் பேசிக்கிட்டே இருக்காங்க.

சினிமாவுக்கு ஒரு வில்லன் வேணும், ஒரு மரணப் படுக்கை வேணும். நம்ம பக்கமும் அப்படித்தான். 1946-ல சித்தூர் வி. நாகையா 'தியாகய்யா'னு தெலுங்குல ஒரு படம் எடுத்தார். நடிப்பு, இயக்கம், இசை எல்லாம் அவரே. அதுல தியாகராஜரோட அண்ணன்தான் வில்லன். மலையாளத்துல 1987-ல லெனின் ராஜேந்திரன் 'சுவாதி திருநாள்' எடுத்தார். 33 வயசுல இறந்துபோன ராஜாவோட கதை.

சரி, நாம ஒரு படம் எடுக்கிறோம்னு வச்சுக்குங்க. மும்மூர்த்திகள்ல முத்துசுவாமி தீட்சிதரைப் பத்தி. எப்படி எடுப்பீங்க? அவரோட கதையைச் சொல்றேன், நீங்களே முடிவு பண்ணுங்க.

திருவாரூர்ல இருந்து கோட்டை வரைக்கும்

முத்துசுவாமி தீட்சிதர் 1775-ல திருவாரூர்ல பிறந்தார். அதே ஊர்லதான் ஷ்யாமா சாஸ்திரியும் (1762) தியாகராஜரும் (1767) பிறந்தாங்க. அப்பா ராமசுவாமி தீட்சிதரே பெரிய இசைமேதை. ஹம்ஸத்வனி ராகத்தை உருவாக்கியவர்னு அவரைத்தான் சொல்வாங்க. 108 ராகம், தாளத்துல ஒரே ஒரு நீண்ட மாலிகை செய்தார். அதுல இன்னைக்குக் கிடைக்கிறது 61 பகுதிதான். இந்த எண்ணை ஞாபகம் வச்சுக்குங்க.

ரொம்ப நாள் குழந்தை இல்லாம வைத்தீஸ்வரன் கோயில்ல வேண்டிக்கிட்டுப் பிறந்த பையன் என்பதால அங்க இருக்கும் முத்துக்குமாரசுவாமி பேரை வச்சாங்க. அடுத்து சின்னசாமி, பாலுசாமினு ரெண்டு தம்பிகள், பாலாம்பாள்னு ஒரு தங்கை.

மணலி முத்துகிருஷ்ண முதலியார் இந்தக் குடும்பத்தைத் தன் ஊருக்கு அழைச்சுக்கிட்டார். அதாங்க, இன்னைக்குச் சென்னைல ரிஃபைனரி இருக்கிற அதே மணலி. அவர் மகன் காலத்துல இவங்க புனித ஜார்ஜ் கோட்டைக்குப் போய் ஆங்கிலேயர் பேண்டு வாசிப்பைக் கேட்டாங்க. இதுல ரெண்டு விஷயம் நடந்தது. தம்பி பாலுசாமி ஐரோப்பியர் ஒருத்தரிடம் வயலின் கத்துக்கிட்டு அதுல நம்ம இசையை வாசிச்சார். இன்னைக்கு வயலின் இல்லாத கர்நாடகக் கச்சேரி உண்டா சொல்லுங்க? அண்ணன் முத்துசுவாமி அந்த பேண்டு மெட்டுகளுக்கு சமஸ்கிருதத்துல பாட்டு எழுதினார். 'நோட்டுஸ்வரம்'னு சொல்றது அதைத்தான். இங்கிலாந்து ராஜாவை வாழ்த்துற தேசிய கீத மெட்டுக்கே ஒரு சாமி பாட்டு இருக்கு. மோட்சார்ட் வியன்னாவுல கண் மூடினப்போ நம்ம ஆளுக்குப் பதினாறு வயசுதான்.

அப்புறம் சிதம்பரநாத யோகி என்ற குரு அவரைக் காசிக்கு அழைச்சிட்டுப் போனார். சில வருஷம் அங்க இருந்தார். வடநாட்டு இசை அவர் காதுல ஏறினது அங்கதான். அவர் பாட்டுகள்ல இருக்கிற அந்த நிதானம் அங்கிருந்து வந்ததுனு சொல்றவங்க உண்டு. யோகி அங்கேயே மறைஞ்சார். திரும்பி வந்த தீட்சிதர் திருத்தணியில முதல் கீர்த்தனை பாடினார். 'குருகுஹ' என்ற முத்திரை அங்க இருந்துதான் தொடங்குது. காஞ்சிபுரம், திருவாரூர், தஞ்சாவூர்னு கோயில் கோயிலா போனார். போன இடமெல்லாம் பாட்டு. நானூறுக்கும் மேல இருக்கும். பரதநாட்டியத்தை இன்றைய வடிவத்துக்குக் கொண்டுவந்த தஞ்சை நால்வர், சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு, நாலு பேரும் இவர்கிட்ட படிச்சவங்க.

ஆனா பணம்? அது மட்டும் சேரவே இல்ல. ராஜாக்களைத் தேடிப் போய்ப் பாடுற ஆள் இல்ல அவர்.

வர்ணத்தோட கதை

இப்ப முக்கியமான இடத்துக்கு வரேன். அப்பா ராமசுவாமி தீட்சிதர் ஸ்ரீரஞ்சனி ராகத்துல ஒரு வர்ணம் ஆரம்பிச்சார். வர்ணத்துல பல்லவி, அனுபல்லவி, சரணம்னு இருக்கும். சரணத்துக்குப் பின்னால வரிசையா ஸ்வரக் கோர்வைகள் வரும். அவர் முதல் கோர்வை வரைக்கும் செய்து அப்படியே விட்டுட்டார்.

அந்த வர்ணத்தை மூணு பேர் சேர்ந்து முடிச்சாங்கனு சொல்வாங்க. ரெண்டாவது கோர்வையை ஷ்யாமா சாஸ்திரி, மூணாவதைத் தம்பி சின்னசாமி, நாலாவதை முத்துசுவாமி தீட்சிதர். மும்மூர்த்திகள்ல ரெண்டு பேர் ஒரே பாட்டுல! போட்டியா? பொறாமையா? ஒண்ணும் இல்ல. சினிமாக்காரங்களுக்கு இதுல கதையே கிடைக்காது.

நம்ம ஊர்க்காரங்களுக்கு ஒரு சின்னச் செய்தி. ஷ்யாமா சாஸ்திரியோட குடும்பம் பங்காரு காமாட்சி அம்மனுக்குப் பூஜை செய்த குடும்பம். காஞ்சிபுரத்துல ஆபத்து வந்தப்போ அந்தத் தங்க அம்மனைத் தூக்கிக்கிட்டுக் கிளம்பினவங்க செஞ்சியிலயும் தங்கினாங்க, அப்புறம் உடையார்பாளையம், திருவாரூர்னு போய்க் கடைசியா தஞ்சாவூர் சேர்ந்தாங்கனு அந்தப் பரம்பரைக் கதை சொல்லுது. நான் வல்லத்துப் பையன். செஞ்சிக் கோட்டைனா நமக்கு தேசிங்கு ராஜா மட்டும்தான் ஞாபகம் வரும். இந்த அம்மனும் அந்த வழியா போயிருக்காங்கனு படிச்சப்போ சந்தோஷமா இருந்தது.

என்னை நிறுத்தினது வேற ஒரு விஷயம். யார் எந்தக் கோர்வையைச் செய்தாங்கனு நமக்கு எப்படித் தெரியும்? ஒருத்தர் எழுதி வச்சார். அவர் சுப்பராம தீட்சிதர். தம்பி பாலுசாமியோட மகள் வயிற்றுப் பேரன். பாலுசாமி அவரைத் தத்து எடுத்துக்கிட்டார். அவர் 1904-ல எட்டயபுரத்துல 'சங்கீத சம்பிரதாய பிரதர்சினி'னு ஒரு பெரிய நூலை வெளியிட்டார். தெலுங்கு எழுத்துல, ஸ்வரக் குறிப்புகளோட. தாத்தாவோட அண்ணன் பாட்டுகள் அழிஞ்சு போகாம நம்ம கைக்கு வந்தது அதனாலதான். அதுல அவர் அந்த வர்ணத்தை மொத்தமா பெரியவர் பேர்ல போட்டுட்டுப் போயிருக்கலாம். யார் கேட்கப் போறா? ஆனா கோர்வைக்குக் கோர்வை இது இவருடையதுனு பேர் போட்டார்.

இன்னொண்ணும் பாருங்க. தீட்சிதரோட நவக்கிரகக் கீர்த்தனைகள்னு ஒன்பது பாடுறோம். அந்த நூல்ல இருக்கிறது ஞாயிறுல இருந்து சனி வரைக்கும் ஏழு நாளுக்கு ஏழுதான். ராகு, கேது மேல இருக்கிற ரெண்டும் பின்னால யாரோ சேர்த்ததுனு ஆய்வாளர்கள் பலர் நினைக்கிறாங்க. ஒன்பதுனு கணக்கு முழுசாகணும்னு யாரோ ஒரு நல்ல மனசுக்காரர் எழுதியிருக்கலாம். பாட்டும் நல்லாத்தான் இருக்கு. ஆனா அவர் பேரைப் போடல. இன்னைக்கு அவரும் இல்ல, அவருக்கு உரிய மரியாதையும் இல்ல, தீட்சிதர் பேர்ல ஒரு சந்தேகம் மட்டும் மிச்சம். அப்பாவோட 108-ல காணாமப் போன 47-ஐ யாரும் இட்டு நிரப்பல. 61-ஆவே நிக்குது. அது ஒரு நேர்மை.

எட்டயபுரம்

1817-ல அப்பா இறந்தார். அதுக்கப்புறம் வறுமை அதிகம். தம்பிகள் ரெண்டு பேரும் தெற்கே போனாங்க. சின்னசாமி மதுரையில இறந்துட்டார். பாலுசாமி எட்டயபுரம் சமஸ்தானத்துல போய்ச் சேர்ந்தார். தம்பியைத் தேடி முத்துசுவாமி தீட்சிதர் கிளம்பினார். வழியில வறண்ட பூமியைப் பார்த்து அமிர்தவர்ஷிணி ராகத்துல பாடினார், மழை கொட்டிச்சுனு கதை உண்டு. படம் எடுத்தா இந்தக் காட்சியை யாரும் விடமாட்டாங்க.

எட்டயபுரத்துல தம்பியோட சேர்ந்தார். 1835 அக்டோபர் 21, தீபாவளி நாள். சீடர்கள் மதுரை மீனாட்சி மேல அவர் செய்த பாட்டைப் பாடிக்கிட்டு இருக்கும்போதே உயிர் பிரிஞ்சதுனு சொல்வாங்க. அவர் சமாதி இன்னைக்கும் எட்டயபுரத்துல இருக்கு. அந்த ஊர்லதான் 47 வருஷம் கழிச்சு பாரதி பிறந்தார்.

பாருங்க, மரணப் படுக்கைக் காட்சி நமக்கும் கிடைச்சிடுச்சு. ஆனா நான் படம் எடுத்தா அதோட முடிக்க மாட்டேன். எழுபது வருஷம் கழிச்சு ஒரு முதியவர் உட்கார்ந்து, இந்தக் கோர்வை இவருடையது, அந்தக் கோர்வை அவருடையதுனு எழுதுறாரே, அந்தக் காட்சியில முடிப்பேன்.

இதை ஏன் எழுதுறேன்?

எங்க தாத்தா கூத்து வாத்தியார். வல்லத்தைச் சுத்தி இருக்கிற ஊர்கள்ல அம்மன் கோயில் திருவிழானா அவர் ஜமா ஆடும். தேசிங்கு ராஜன் கூத்தைத் தன் போக்குல திருப்பி எழுத ஆரம்பிச்சார். நாற்பது பக்க நோட்டுல பாதிதான் முடிஞ்சது. தேசிங்கு குதிரை ஏறிப் போருக்குக் கிளம்புற இடத்துல நிக்குது. அதுக்கு மேல வெறும் தாள். தாத்தா போய் ஆறு வருஷம் ஆச்சு.

ரெண்டாவது வருஷம் காலேஜ் கல்ச்சுரல்ஸுக்கு அதை டைப் பண்ணி, மீதியை நானே எழுதி மேடையேத்தினேன். நல்ல கைத்தட்டல். அம்மாயி முன் வரிசைல உட்கார்ந்து பார்த்தாங்க. முடிஞ்சதும் என் கையைப் பிடிச்சுக்கிட்டு, தேசிங்கு தன் மனைவிகிட்ட விடைபெறும் தருவைச் சொல்லிச் சொல்லி அழுதாங்க. தாத்தா என்னை நினைச்சுத்தான் அதை எழுதியிருக்கார்னு சொன்னாங்க.

அந்தத் தரு நான் எழுதினது.

சொல்ல முடியல. சந்தோஷமா இருக்கட்டுமேனு விட்டுட்டேன். ஆனா அடுத்த வருஷம் ஜமாக்காரங்க வந்து அந்தக் கோப்பைக் கேட்டு வாங்கிட்டுப் போனாங்க. இப்ப ரெண்டு ஊர்ல தாத்தா பேர்ல ஆடுறாங்க. தாத்தா எழுதாததைத் தாத்தா வாயில வச்சுட்டேன். அதைவிட மோசம் என்னன்னா, அவர் எங்க நிறுத்தினார் என்பதே இனிமேல் யாருக்கும் தெரியாது.

உங்களுக்கும் இது புதுசு இல்லையே! சீனியர் பாதியில விட்ட ப்ராஜெக்ட்டை வாங்கி முடிக்கிறோம். எது அவங்க கோடு, எது நம்ம கோடுனு எங்கயாவது எழுதுறோமா? முதல் பக்கத்துல நம்ம நாலு பேர் பேர் மட்டும்தான் இருக்கும்.

பாதியில நிக்குற வேலையை முடிக்கிறது தப்பே இல்ல. ஷ்யாமா சாஸ்திரி செய்யலையா? தீட்சிதர் தன் அப்பா வேலையில கை வைக்கலையா? ஆனா நம்ம கை எங்க ஆரம்பிக்குதுனு ஒரு கோடு போட்டு வைக்கணும். அவ்வளவுதான்.

போன வாரம் ஊருக்குப் போனப்போ தாத்தாவோட நோட்டை எடுத்து, கடைசி வரிக்குக் கீழ தேதியும் என் பேரும் எழுதினேன். இதுவரைக்கும் அவர், இதுக்கு மேல நான். ஜமாக்காரங்களுக்கும் சொல்லிட்டேன். வாத்தியார் சிரிச்சார், அது அப்பவே தெரியும் தம்பினு சொல்லிட்டார். தாத்தா மனைவிக்கெல்லாம் தரு எழுதுற ஆள் இல்லையாம்.

அம்மாயிகிட்ட மட்டும் இன்னும் சொல்லல. பொங்கலுக்குப் போறேன். சொல்லணும்.