பாட்டியைப் படம்பிடித்தவர்

ஒரு மூதாட்டி கம்பளி நூல் நூற்கிறார். அவ்வளவுதான் படம். கதை இல்லை, ஒலி இல்லை, பார்க்கத் தொடங்கியதுமே முடிந்துவிடுகிறது. ஆயினும், பால்கன் மண்ணில் பிறந்தவர்கள் எடுத்த முதல் சலனப்படப் பதிவாக வரலாறு பெரும்பாலும் அதையே குறிப்பிடுகிறது. அதைக் காணும்போதெல்லாம், படத்தில் தெரியாத ஒளிப்பதிவாளர் மில்டன் மனாக்கியையே நான் நினைத்துக்கொள்கிறேன்.

1882-இல், அன்றைய உதுமானியப் பேரரசின் அவ்தெல்லா என்னும் மலைக் கிராமத்தில் பிறந்தவர் மில்டன். ஆடு மேய்க்கும் அரோமேனிய இனத்தவரின் ஊர் அது. அண்ணன் யனாக்கியிடம் ஒளிப்படக் கலையைக் கற்றார். 1905-இல் சகோதரர்கள் பிடோலா நகரில் ஒளிப்பட நிலையம் தொடங்கினர். லண்டன் சென்ற யனாக்கி, 300 என்ற எண் பொறித்த பயாஸ்கோப் கேமராவுடன் திரும்பினார். அதன் முன் சொந்த ஊரில் அமர்ந்தவர்தான் 114 வயது என்று சொல்லப்பட்ட அவர்களின் பாட்டி தெஸ்பினா.

அதன்பின் அந்தக் கேமரா பெரிய மனிதர்களையும் கண்டது. 1911-இல் சுல்தான் ஐந்தாம் மெஹ்மத் பிடோலா வந்த காட்சியை அது பதிவு செய்தது. மறு ஆண்டே நிலைமை தலைகீழானது. பால்கன் போரில் செர்பியப் படை நகரைக் கைப்பற்றியது. முதல் உலகப் போரில் பிடோலா பீரங்கிக் குண்டுகளுக்கு இரையானது. யனாக்கி பல்கேரியாவுக்கு நாடு கடத்தப்பட்டார். போருக்குப் பின் சகோதரர்கள் நடத்திய திரையரங்கும் 1939-இல் தீக்கிரையானது. பின்னாளில் அண்ணன் தெசலோனிகியில் குடியேற, மில்டன் பிடோலாவிலேயே தங்கிவிட்டார். ஆயிரக்கணக்கான ஒளிப்படங்களும் படச்சுருள்களும் பிடோலாவின் ஆவணக் காப்பகத்தைச் சேர்ந்தன. 1964-இல் அவர் மறைந்தார்.

வீட்டை மாற்றாமலே நாடு மாறிய வாழ்க்கை அவருடையது. உதுமானியக் குடிமகனாக அந்நகருக்கு வந்தவர், செர்பிய ஆட்சியையும் பல்கேரிய ஆக்கிரமிப்பையும் கண்டு, யூகோஸ்லாவியக் குடிமகனாக இறந்தார். இன்று ஒன்றுக்கு மேற்பட்ட நாடுகள் தத்தம் திரைப்பட வரலாற்றின் முதல் பக்கத்தில் அவரை எழுதிக்கொள்கின்றன. பிறந்த ஊர் கிரேக்கத்தில், உழைத்த ஊர் வடக்கு மாசிடோனியாவில், பேசிய மொழியோ எந்த நாட்டுக்கும் ஆட்சிமொழி அல்லாதது என்னும்போது, எந்தக் கொடியின் கீழ் அவரை நிறுத்துவது?

இந்த வழக்கில் தீர்ப்புக்கு அவசியமில்லை என்றே கருதுகிறேன். 1979 முதல் பிடோலாவில் அவர்கள் பெயரால் நடைபெறும் திரைப்பட விழா, இயக்குநரையோ நடிகரையோ அன்றி ஒளிப்பதிவாளரையே முன்னிறுத்துகிறது. அதன் உயரிய விருதின் பெயரும் 'கேமரா 300' என்பதே. நாட்டின் பெயரால் அல்லாமல் தொழிலின் பெயரால் செய்யப்படும் அந்த மரியாதையே பொருத்தமானது.

சுல்தான்களைப் படம்பிடிக்க எக்காலத்திலும் ஆள் கிடைத்திருப்பார்கள். பேரன்கள் இல்லாதிருந்தால், தெஸ்பினாவை யாரும் படம்பிடித்திருக்க மாட்டார்கள். பேரரசு போய்விட்டது, பாட்டி இன்னும் நூற்றுக்கொண்டிருக்கிறார்.