வி. சாந்தாராம்

ஏரவாடா மத்தியச் சிறையின் நெடுமதிலைக் காணாத புனே மாணவர் இலர். சிறைவாசிகளை நம்பி வெட்டவெளியில் விட்டால் என்ன நிகழும்? இவ்வினாவை 1957ஆம் ஆண்டில் ஒரு திரைப்படமாக்கினார் ஒருவர். அவரே அப்படத்தை இயக்கினார்; அவரே சிறை அதிகாரியாக நடித்தார். அவர் பெயர் வி. சாந்தாராம்.

சாந்தாராம் 1901ஆம் ஆண்டு நவம்பர் 18ஆம் நாள் கோலாப்பூரில் பிறந்தார். வறுமை காரணமாகப் பள்ளிப் படிப்பு நிறைவுறவில்லை. இளமையில் ஹூப்ளி நகரில் ரயில்வே பணிமனையில் உழைத்தார். திரையரங்கில் சிறுசிறு வேலைகளும் செய்தார். அங்கே கண்ட படங்களே அவருக்குப் பள்ளியாயின. பின்னர்க் கோலாப்பூரில் பாபுராவ் பெயின்டர் என்னும் கலைஞரிடம் சேர்ந்து எல்லாப் பணிகளையும் கற்றார். 1925இல் வெளிவந்த 'சாவ்காரி பாஷ்' என்னும் பேசாப்படத்தில், வட்டிக்காரனிடம் நிலத்தை இழந்து நகரத்து ஆலைக்குக் கூலியாகச் செல்லும் உழவனாக நடித்தார். பிழைப்புக்காக ஊர் துறந்தோர் பலருக்கு அக்கதை புதியதன்று.

1929இல் நண்பர்கள் நால்வருடன் 'பிரபாத்' நிறுவனத்தைத் தொடங்கினார். வண்ணப்படம் எடுக்க விரும்பி, 'சைரந்திரி' படத்தின் பிரதிகளை ஜெர்மனியில் உருவாக்கச் செய்தார். வண்ணம் எண்ணியவாறு அமையவில்லை. எனினும் அவர் தளரவில்லை. 1933இல் நிறுவனம் புனேவுக்கு இடம்பெயர்ந்தது. பிரபாத் தமிழிலும் படம் எடுத்தது என்பது பலர் அறியாதது. 1934இல் வந்த 'சீதா கல்யாணம்' படத்தை பாபுராவ் பெண்டார்க்கர் இயக்கினார். பாபநாசம் சிவன் இசையமைத்தார். பிற்காலத்தில் வீணைக் கலைஞராகப் புகழ்பெற்ற எஸ். பாலசந்தர் அதில் சிறுவனாகக் கஞ்சிரா வாசித்தார்.

1937இல் சாந்தாராம் இயக்கிய 'குங்கு', முதியவர் ஒருவருக்கு வஞ்சகமாக மணமுடிக்கப்பட்ட இளம்பெண் அதனை ஏற்க மறுப்பதைக் கூறியது. அதில் பின்னணி இசையே இல்லை. இயல்பான ஓசைகளே இசைக்கு ஈடாயின. அக்காலத்தில் அது பெருந்துணிவு. 1941இல் வந்த 'ஷேஜாரி' இந்து, முஸ்லிம் அண்டைவீட்டார் இருவரின் நட்பைப் பேசியது. அதன் இந்தி வடிவத்தில் முஸ்லிம் நடிகர் இந்துவாகவும் இந்து நடிகர் முஸ்லிமாகவும் நடித்தனர்.

1942இல் பிரபாத்தை விட்டு நீங்கி, மும்பையில் 'ராஜ்கமல்' நிறுவனத்தை அமைத்தார். தந்தை ராஜாராம், தாய் கமலா ஆகிய இருவர் பெயரும் அதில் இணைந்துள்ளன. சீனாவில் போர்க்காயமுற்றோர்க்கு மருத்துவம் செய்து அங்கேயே உயிர்நீத்த சோலாப்பூர் மருத்துவர் கோட்னிஸாக 1946இல் தாமே நடித்தார்.

எனினும் அவருக்குப் பெரும்புகழ் தந்தது 'தோ ஆங்கேன் பாரஹ் ஹாத்' என்னும் படமே. இரு கண்கள், பன்னிரு கைகள் என்பது அதன் பொருள். கண்கள் அதிகாரியுடையவை, கைகள் ஆறு கொலைக் கைதிகளுடையவை. விலங்கின்றி அவர்களை அழைத்துச் சென்று, தரிசு நிலத்தைப் பண்படுத்தி விளைவிக்கச் செய்கிறார் அதிகாரி. கைதிகள் தப்பியோட முயன்றாலும் அக்கண்கள் அவர்களைத் திரும்ப அழைக்கின்றன. அறிவுரை சற்று மிகுந்த படந்தான்; ஆயினும் சலிப்பதில்லை.

காளையோடு பொருதும் காட்சியில் சாந்தாராமின் கண் கடுமையாகக் காயமுற்றது. கண்களின் ஆற்றலைப் பேசிய படத்துக்காகத் தம் பார்வையையே அவர் இழக்க நேரலாம் என்ற நிலை உண்டாயிற்று. நல்வாய்ப்பாகப் பார்வை மீண்டது. அடுத்து 1959இல் அவர் அளித்த படம் 'நவ்ரங்'. வண்ணங்கள் பொங்கும் படம் அது.

சிறைப்படம் 1958இல் பெர்லின் விழாவில் வெள்ளிக்கரடி விருது பெற்றது. 1975இல் எம்.ஜி.ஆர். நடிப்பில் 'பல்லாண்டு வாழ்க' எனத் தமிழிலும் உருப்பெற்றது.

1985இல் தாதாசாகேப் பால்கே விருது பெற்ற சாந்தாராம், 1990ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் நாள் மறைந்தார். புனேயில் அவர் பணியாற்றிய பிரபாத் படப்பிடிப்புத் தளத்தில் இன்று திரைப்படக் கல்லூரி இயங்குகிறது. நாட்டின் பல மாநிலங்களிலிருந்தும் மாணவர்கள் வந்து அங்கே பயில்கின்றனர்.