பிள்ளைகள் இல்லாத தாய்
ஜேர்மன் நடிகை இங்கா மைசெல்

ஒரு நாட்டு மக்கள் ஒரு நடிகையைத் தங்கள் தாயென்று அழைப்பது அபூர்வம். அவருக்குச் சொந்தப் பிள்ளைகளே இல்லை என்பது இன்னும் அபூர்வம். தேசத்தின் தாய் என்று ஜேர்மனியர் அழைத்த இங்கா மைசெலின் வாழ்வு அத்தகையது.

இவர் 1910ஆம் ஆண்டு மே மாதம் 30ஆந் திகதி பேர்லினில் பிறந்தார். தந்தை யூத வணிகர்; தாய் டென்மார்க்கைச் சேர்ந்தவர். சிறுவயது முதலே நாடகத்தில் நாட்டங் கொண்டிருந்த இவர், 1930இல் சுவிக்காவ் நகரில் முதன்முதலாக மேடையேறினார். மூன்றாண்டுகள் சென்றன. 1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும், தந்தை யூதர் என்ற காரணத்தால் மகள் நடிப்பது தடைசெய்யப்பட்டது.

இருபத்து மூன்று வயதில் மூடப்பட்ட அக்கதவு மீண்டும் திறந்தபோது அவருக்கு முப்பத்தைந்து வயது. ஒரு நடிகைக்கு மிகவும் பயன்தரும் பன்னிரண்டு ஆண்டுகள் வீணாயின. தொலைபேசி இணைப்பாளராகவும், தொழில்நுட்பப் படம் வரைபவராகவும் வேலைசெய்து அவர் காலந்தள்ளினார். உடைமைகளை இழந்த தந்தையோ, ஒரு நிலவறையில் ஒளிந்திருந்து உயிர் தப்பினார்.

1945இல் போர் முடிந்ததும் ஹம்பேர்க் நகரின் தாலியா நாடக அரங்கு அவருக்கு இடமளித்தது. இழந்த இளமையை எண்ணி அவர் ஏங்கிக் கிடக்கவில்லை; வயதுக்கேற்ற பாத்திரங்களை விரும்பி ஏற்றார். பேர்லின் மேடையில், தன் பிள்ளைகள் முன்னேற வேண்டுமென்று பாடுபடும் தாயாக அவர் தோன்றிய நாடகமே, ஐம்பது வயதை எட்டும் வேளையில், தாய் என்ற பட்டத்தை அவருக்குத் தேடிக் கொடுத்தது.

அப்பட்டத்தை நிலைக்கச் செய்தது தொலைக்காட்சி. திருந்தாதவர்கள் எனப் பொருள்படும் பெயருடைய குடும்பத் தொடரில், வரவுக்கும் செலவுக்கும் இடையே அல்லற்படும் கேத்தே ஷோல்ஸ் என்னும் தாயாக அவர் நடித்தார். 1965 முதல் 1971 வரை ஆண்டுக்கு ஒன்றாக, அன்னையர் தினத்தில், ஏழு பாகங்கள் ஒளிபரப்பாகின. அந்தத் தாய் குறையற்ற பெண் அல்லள். வாய்க்காரி, பிடிவாதக்காரி, பிள்ளைகளின் காரியங்களில் தலையிடுபவள். ஆயினும் குடும்பம் சிதறாமற் காப்பவள் அவளே. அவளிடத்திற் பலரும் தத்தம் தாயைக் கண்டனர். தொடர் தொடங்கிய 1965ஆம் ஆண்டிலேயே கணவர், இயக்குநர் ஜோன் ஓல்டன் காலமானார். அத்துயரின் பின்னரும் அவர் நடிப்பைக் கைவிடவில்லை.

1981இல் அரசு வழங்க முன்வந்த உயர் விருதை அவர் ஏற்க மறுத்தார். ஒழுங்காக வாழ்ந்ததற்காக ஒருவருக்குப் பதக்கம் எதற்கு என்பதே அவரது கருத்து. நேர்மை மனிதரின் கடமையே அன்றி, பரிசுக்குரிய சாதனையன்று என அவர் எண்ணினார்.

தொண்ணூறு வயதைக் கடந்த பின்னரும் தொலைக்காட்சியில் நடித்த அவர், 2004ஆம் ஆண்டு ஜூலை 10ஆந் திகதி, தமது 94ஆவது வயதிற் காலமானார். ஹம்பேர்க்கின் ஓல்ஸ்டோர்ப் சேமக்காலையிற் கணவரின் அருகே அடக்கஞ் செய்யப்பட்டார்.

பன்னிரண்டு ஆண்டுகள் தம்மை வேண்டாமென்று ஒதுக்கிய நாட்டுக்கே அவர் பின்னர் தாயானார். பகையை மனதில் வளர்த்திருந்தால் அது நடந்திராது.