சாமுராய்களைச் சாடிய நடிகர்

ஜப்பானிய நடிகர் தோஷிரோ மிஃபுனே, சீனாவின் சிங்தாவ் நகரில் 1920-ல் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் ராணுவத்தின் வான்வழிப் புகைப்படப் பிரிவில் பணியாற்றினார். போருக்குப் பின் தோஹோ நிறுவனத்தில் ஒளிப்பதிவு உதவியாளர் வேலையை நாடிய அவர், புதுமுக நடிகராகத் தேர்வாகி, 1947-ல் திரையில் அறிமுகமானார்.

அகிரா குரோசாவாவின் 16 படங்களில் நடித்தார். அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம் வாள்வீச்சுப் படங்களுக்குக் கடும் கட்டுப்பாடு விதித்திருந்தது. ஆக்கிரமிப்பு 1952-ல் முடிவுக்கு வந்தது. 1954-ல் வெளியான ஏழு சாமுராய் படத்தில் அவர் ஏற்றது, சாமுராயாக வேடமிடும் விவசாயி மகனின் பாத்திரம். விவசாயிகளின் வஞ்சகத்துக்குக் காரணம் சாமுராய்களின் கொடுமையே என அப்பாத்திரம் சாடியது. வீரப் பெருமையை ஏழைகளின் பக்கம் நின்று விசாரித்தது.

வெனிஸ் திரைப்பட விழாவில் 1961, 1965 ஆகிய ஆண்டுகளில் சிறந்த நடிகர் விருது பெற்ற மிஃபுனே, 1997 டிசம்பர் 24-ல் தமது 77-வது வயதில் காலமானார்.