கைதட்டலுக்குப் பின்: அல்தியா கிப்சன்

அல்தியா கிப்சன் 1927ஆம் ஆண்டு அமெரிக்காவின் தென் கரோலைனாவில், பருத்தி பயிரிட்ட ஏழைக் கறுப்பினக் குடும்பமொன்றில் பிறந்தார். நியூயோர்க்கின் ஹார்லெமில் வளர்ந்த அவர், பாடசாலைக்கு ஒழுங்காகப் போகாத பிள்ளை. தெருவில் பலகை மட்டையால் பந்தடித்த அவருடைய திறமையைக் கண்ட அயலவர்கள் பணம் சேர்த்து, டென்னிஸ் கழகமொன்றில் சேர்த்துவிட்டார்கள். பின்னர் இரண்டு கறுப்பின வைத்தியர்கள் தம் வீடுகளில் தங்கவைத்துப் படிப்பும் பயிற்சியும் கிடைக்கச் செய்தார்கள்.

ஆனால் அமெரிக்கத் தேசியப் போட்டியில் அதுவரை கறுப்பினத்தவர் எவரும் ஆடியதில்லை. வெள்ளையின முன்னாள் சம்பியன் அலிஸ் மார்பிள் சஞ்சிகையொன்றில் அந்த அநீதியைக் கண்டித்து எழுதினார். 1950இல் கதவு திறந்தது.

1955இன் இறுதியில் தொடங்கிய ஆசியச் சுற்றுப்பயணத்தில் அல்தியா இலங்கைக்கும் வந்தார் என்பதை அறிந்தபோது எனக்கு வியப்பாக இருந்தது. 1956இல் பிரெஞ்சுப் பட்டத்தை வென்று, கிராண்ட்ஸ்லாம் பட்டம் பெற்ற முதலாவது கறுப்பினத்தவரானார். 1957இல் விம்பிள்டன் பரிசை எலிசபெத் மகாராணியின் கையால் பெற்றார். அவ்வாண்டும் அடுத்த ஆண்டும் விம்பிள்டன், அமெரிக்கப் பட்டங்கள் இரண்டுமே அவருடையவை. இரட்டையர் ஆட்டங்களையும் சேர்த்து மொத்தம் 11 கிராண்ட்ஸ்லாம் பட்டங்கள்.

அக்காலத்தில் அப்போட்டிகளில் பரிசுப்பணம் கிடையாது. ஆகவே 1958இல் அவற்றிலிருந்து விலகினார். கூடைப்பந்தாட்டத்துக்கு முன் காட்சி ஆட்டம் ஆடினார், பாடினார், கொல்ஃப் விளையாட்டிலும் இறங்கினார். நிலையான வருமானம் அமையவில்லை. 1990களில் நோயும் வறுமையும் சூழ்ந்தன. அப்போது அவர் அழைத்தது, 1956இல் விம்பிள்டன் இரட்டையர் பட்டத்தைத் தன்னோடு வென்ற அஞ்சலா பக்ஸ்டனை. அந்த ஆங்கிலேய யூதத் தோழியின் முயற்சியால் உலகின் பல இடங்களிலிருந்தும் உதவிப்பணம் வந்து சேர்ந்தது. 2003இல் அல்தியா காலமானார்.

2014இல் வெளிவந்த ‘அல்தியா’ ஆவணப்படம் இந்த வாழ்க்கையைச் சொல்கிறது. வெற்றியாளர் தனியாகவே உயர்ந்தவர் என்று நாம் எண்ணிக்கொள்கிறோம். அல்தியாவின் ஆற்றல் அவருடையதுதான். ஆனால் ஹார்லெம் அயலவர்களின் சில்லறைக் காசு இல்லாவிட்டால் அந்த ஆற்றல் தெருவிலேயே நின்றிருக்கும். படமும் சிலையும் அவர் மறைந்த பின்னரே வந்தன. உயிரோடு இருந்தபோது அவரைத் தாங்கியது ஒரு தொலைபேசி அழைப்புக்குச் செவிகொடுத்த தோழமை. நம் வகுப்பிலும் திறமையோடு ஒருத்தி இருக்கலாம். அவளுக்குக் கைதட்டுவதற்கு முன், மட்டை வாங்க வழி இருக்கிறதா என்று கேட்போம்.