தென்னகத்துக்கு முதல் தங்கம் தந்தவர்

கொச்சி வணிகக் குடும்பத்தைச் சேர்ந்தவர் பாபு இஸ்மாயில் சேட். தகழி சிவசங்கரப் பிள்ளையின் "செம்மீன்' நாவலைப் படமாக்க இயக்குநர் ராமு காரியாட் நிதி தேடி அலைந்தார். மற்றவர்கள் தயங்கியபோது முன்வந்தவர், இருபது வயதை ஒட்டிய இந்த இளைஞர். கண்மணி பிலிம்ஸ் சார்பில் 1965-ல் படம் வெளியானது.

அதுவரை மராத்தி, ஹிந்தி, வங்காளப் படங்களுக்கே தில்லி வழங்கிவந்த குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம், முதன்முறையாகத் தென்னகத்துக்கு வந்தது. தமிழுக்கு இவ்விருது கிட்ட மேலும் 25 ஆண்டுகள் ஆயின. 1990-ம் ஆண்டுக்கான விருதைப் பெற்ற "மறுபக்கம்' படத்துக்கு நிதி அளித்தது மத்திய அரசின் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம். "செம்மீன்' படத்துக்கோ ஓர் இளைஞரின் துணிவே முதலாக அமைந்தது.

எர்ணாகுளத்தில் கவிதா திரையரங்கை நிறுவியவரும் பாபு சேட்தான்.